மூன்று நிமிடத்துக்கு ஒரு முன்பதிவு

1936 மார்ச் 1 அன்று ஜெர்மனியின் அஞ்சல் துறை அமைச்சர் பால் ஃபான் எல்ட்ஸ்-ரூபனாக் பெர்லினில் அமர்ந்தபடி, சுமார் 160 கிலோமீட்டர் தொலைவில் லைப்சிக் நகரில் இருந்த மேயரைத் திரையில் பார்த்துக்கொண்டே பேசினார். லைப்சிக் வசந்தகாலச் சந்தையையொட்டித் தொடங்கிய அந்தச் சேவைதான், சாதாரண மக்கள் காசு கொடுத்துப் பயன்படுத்தக் கிடைத்த முதல் வீடியோ தொலைபேசி. அதற்கு ஒன்பது ஆண்டுகளுக்கு முன்பே அமெரிக்காவின் ஏடி அண்டு டி நிறுவனம் ஒரு சோதனை நடத்தியிருந்தது. ஆனால் அதில் படம் ஒரு திசையில் மட்டுமே போனது. பொதுமக்களுக்கு அதில் இடமும் இல்லை.

பெர்லின் சேவை வீடு தேடி வரவில்லை. மக்கள்தான் அஞ்சலகத்தின் தனிச் சாவடிக்குப் போக வேண்டும். 20 சென்டிமீட்டர் சதுரத் திரை, 180 வரிகளால் ஆன படம், மூன்று நிமிடத்துக்கு மூன்றரை மார்க் கட்டணம். பேச விரும்புகிறவர் முன்கூட்டியே நேரம் பதிய வேண்டும். மறுமுனையில் பேசவேண்டியவரும் அதே நேரத்துக்குத் தன் ஊர்ச் சாவடிக்கு வந்து சேர வேண்டும். ட்ரங்க் கால் பதிந்துவிட்டு மணி எப்போது அடிக்கும் என்று காத்திருந்த நம் ஊர்ப் பெரியவர்களுக்கு இந்த அவஸ்தை விளங்கும். 1938-இல் மியூனிக் வரை நீண்ட சேவை, போர் மூண்டபின் 1940-இல் நின்றுபோனது.

தொழில்நுட்ப வரலாறு எழுதுகிறவர்கள் இந்தக் கதையில் கேமராவையும் கேபிளையும்தான் விரிவாகச் சொல்கிறார்கள். இரண்டு ஊர்களில் இருந்த இரண்டு பேரை ஒரே நிமிடத்தில் உட்காரவைத்த வேலைக்கு ஒரு வரிதான் கிடைக்கிறது. ஆனால் அந்த வேலை நடக்காவிட்டால் கேபிளில் போவதற்குப் படமே இல்லை.

1964-இல் ஏடி அண்டு டி மீண்டும் முயன்றது. ஜூன் 24 அன்று அமெரிக்க அதிபரின் மனைவி லேடி பேர்ட் ஜான்சன் வாஷிங்டனிலிருந்து, நியூயார்க்கில் இருந்த, அந்நிறுவனத்தின் பெல் ஆய்வக அறிவியலாளர் எலிசபெத் வுட்டுடன் 'பிக்சர்ஃபோன்' மூலம் பேசினார். நியூயார்க், வாஷிங்டன், சிகாகோ ஆகிய மூன்று நகரங்களில் சாவடிகள் திறக்கப்பட்டன. மூன்று நிமிடத்துக்கு 16 முதல் 27 டாலர். இங்கும் முன்பதிவு கட்டாயம். 1970-இல் பிட்ஸ்பர்க்கில் அலுவலக மேசைகளுக்கே கருவி வந்தது, மாத வாடகை 160 டாலர். கருவி வாங்கியவருக்கு அதில் கூப்பிட ஆள்தான் கிடைக்கவில்லை.

கட்டணச் சிக்கலை இணையம் தீர்த்தது. 2006-இல் ஸ்கைப் இலவச வீடியோ அழைப்பைக் கணினிகளுக்குக் கொண்டுவந்தது. நேரம் குறிக்கும் சிக்கல் அப்படியே இருந்தது. அதைத் தீர்ப்பதற்கான அடித்தளம் 1998-இலேயே போடப்பட்டுவிட்டது. லோட்டஸ், மைக்ரோசாஃப்ட் நிறுவனங்களைச் சேர்ந்த ஃபிராங்க் டாசனும் டெரிக் ஸ்டெனர்சனும் எழுதிய 'ஐகேலண்டர்' என்ற பொது நெறிமுறைதான் அது. இன்று மின்னஞ்சலில் வரும் அழைப்புக் கோப்பைத் திறந்து பார்த்தால் வெறும் எழுத்து வரிகளே தெரியும்: யார் கூட்டுகிறார், யார் யார் வர வேண்டும், ஒவ்வொருவரும் ஒப்புக்கொண்டாரா, மறுத்தாரா, இன்னும் பதில் சொல்லவில்லையா, எந்த ஊர் நேரப்படி எத்தனை மணிக்கு.

இதில் ஊர் நேரம் என்பது லேசான விஷயமில்லை. சென்னையில் இரவு ஏழு மணிக்கு வைத்த கூட்டம் நியூயார்க்கில் குளிர்காலத்தில் காலை எட்டரை, கோடையில் ஒன்பதரை. இலங்கை 1996-இல் மட்டும் இரண்டு முறை கடிகாரத்தை மாற்றியது. 2006 ஏப்ரலில்தான் இந்திய நேரத்தோடு மறுபடி ஒன்றியது. இடைப்பட்ட காலத்தில் விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் பழைய நேரத்தையே வைத்திருந்தன. ஒரே தீவில் இரண்டு நேரம்! இப்படிப்பட்ட மாற்றங்களையெல்லாம் ஊர்வாரியாகப் பதிந்துவைக்கும் தரவுத்தளத்தைத் தொடங்கியவர் அமெரிக்கரான ஆர்தர் டேவிட் ஓல்சன். தன்னார்வலர்கள் திருத்தித் திருத்தி வளர்த்த அந்தப் பட்டியலை நம்பித்தான் உலகின் பெரும்பாலான கணினி நாள்காட்டிகள் இயங்குகின்றன. அவர்களின் உழைப்புக்கு இன்னும் பெரிய மரியாதை கிடைத்திருக்க வேண்டும்.

கூகுள் கேலண்டர் 2006-இல் வந்தது. குரோம் உலாவியில் எக்ஸ்டென்ஷன்கள் எனப்படும் சிறு துணைநிரல்கள் 2010 வாக்கில் பரவலாயின. வீடியோ கூட்டங்களுக்கான ஜூம் சேவை 2013 ஜனவரியில் தொடங்கியது. மூன்றும் தனித்தனியாக வளர்ந்ததால் பயனர் கையில் ஒரு வெட்டி வேலை மிஞ்சியது. ஜூம் தளத்தில் கூட்டத்தை உருவாக்கி, இணைப்பை நகலெடுத்து, கேலண்டரில் ஒட்ட வேண்டும். தேதியை ஓரிடத்தில் மாற்றி இன்னோரிடத்தில் மறந்தால் ஆட்கள் வெறும் அறையில் காத்திருப்பார்கள்.

ஜூம் வெளியிட்ட குரோம் எக்ஸ்டென்ஷன் கேலண்டர் பக்கத்துக்குள்ளேயே ஒரு பொத்தானைச் செருகியது. அதை அழுத்தினால் எக்ஸ்டென்ஷன் ஜூம் சர்வரிடம் கூட்டம் கேட்கும். எண்ணும் இணைப்பும் வந்ததும் அழைப்பில் தானே எழுதிவிடும். 2019 டிசம்பரில் நாளொன்றுக்கு ஒரு கோடியாக இருந்த ஜூம் கூட்டப் பங்கேற்பு 2020 ஏப்ரலில் 30 கோடியாக எகிறியபோது, வகுப்பு எடுத்த ஆசிரியர்கள் முதல் குலதெய்வக் கோயில் கமிட்டிகள் வரை எல்லோருக்கும் கூட்டம் குறிப்பது அன்றாட வேலையானது. அழைக்காதவர்கள் நுழைந்து கலாட்டா செய்ததால் அதே ஏப்ரலில் கடவுச்சொல்லும் காத்திருப்பு அறையும் இயல்பமைப்பாயின. அழைப்பில் இன்னொரு வரி கூடியது.

இந்த வசதி கேட்கும் விலை ஒன்று உண்டு. பக்கத்தில் பொத்தானைச் செருக வேண்டுமானால் அந்தப் பக்கத்தைப் படிக்கவும் மாற்றவும் எக்ஸ்டென்ஷனுக்கு அனுமதி தர வேண்டும். மருத்துவர் சந்திப்பு, வேலைக்கான நேர்காணல் எல்லாம் அதே கேலண்டரில்தான் இருக்கின்றன. கூகுளே தன் கேலண்டருக்குள் ஆட்-ஆன் என்ற வழியைத் திறந்தபின், உலாவியில் எதையும் நிறுவாமலே ஜூம், வெபெக்ஸ் போன்ற சேவைகளின் கூட்டங்களைக் குறிக்க முடிகிறது. அங்கும் ஆட்-ஆனைச் சேர்க்கும்போது அனுமதிப் பட்டியல் ஒன்று வரும். அதை நிதானமாகப் படித்துவிட்டுச் சம்மதம் தருவது நல்லது.