ருடோல்ஃப் ஹ்ருஷீன்ஸ்கி

ருடோல்ஃப் ஹ்ருஷீன்ஸ்கி (1920–1994) செக் மேடை, திரை நடிகர். ஊர் ஊராக நாடகம் போட்ட குடும்பத்தில் பிறந்தவர். 1960 முதல் பிராக் தேசிய நாடக அரங்கில் நடித்தார். ஐம்பதுகளில் புகழ்பெற்ற செக் நாவலின் நாயகனான படைவீரன் ஷ்வேய்க் வேடம் அவரை நாடறியச் செய்தது. ஆனால் அவருடைய உச்சம், யுராய் ஹெர்ஸ் இயக்கிய ‘பிணம் எரிப்பவர்’ (1969) படம்தான். நாஜிக் கொள்கைக்கு மயங்கி மனைவியையே கொல்லும் தகனக்கூட ஊழியராக, தாலாட்டுவது போன்ற மென்குரலிலேயே அவர் பேசுகிறார். அந்தக் கனிவுதான் பார்ப்பவரை நடுங்கவைக்கிறது. 1968இல் அரசியல் சீர்திருத்தம் கோரிய ‘இரண்டாயிரம் சொற்கள்’ அறிக்கையில் கையெழுத்திட்டதால், எழுபதுகளில் சில ஆண்டுகள் திரையிலிருந்து ஒதுக்கப்பட்டார். யிர்ஷி மென்ட்ஸெல் இயக்கிய ‘என் இனிய சிற்றூர்’ (1985) படத்தில் கிராமத்து மருத்துவராக மீண்டும் மனங்களைக் கவர்ந்தார். 1990இல் செக்கோஸ்லோவாக்கிய நாடாளுமன்ற உறுப்பினரானார். மகன்கள் ருடோல்ஃப், யான் இருவரும் நடிகர்களே.