மந்தையின் சொந்தக்காரர்கள்

மந்தைவெளியில் இப்போது மந்தை இல்லை. பஸ் போர்டில் பெயர் மட்டும் இருக்கிறது. ஆனால் அந்தச் சொல்லுக்குச் சொந்தக்காரர்கள் நிறைய. தெலுங்கில் மந்த, கன்னடத்தில் மந்தெ. நீலகிரித் தோடர்கள் எருமைகளோடு வாழும் குடியிருப்பு 'மந்து'. ஊட்டியை வெள்ளைக்காரர்கள் 'ஊட்டகமண்ட்' என்றார்களே, அதன் வாலில் இருப்பதும் இதுதான். பரோவும் எமனோவும் 1961-இல் வெளியிட்ட திராவிட வேர்ச்சொல் அகராதியில் இவை ஒரே குடும்பம்.

இப்படி வேர்களை வரிசையாக வைத்து, இம்மொழிகள் சமஸ்கிருதத்திலிருந்து வந்தவை அல்ல என்று முதலில் அச்சில் காட்டியவர் சென்னைக் கலெக்டர் எல்லிஸ். 1816-இல், கால்டுவெல்லுக்கு 40 ஆண்டுகள் முன்பே. பட்டாபிராம சாஸ்திரி, சங்கரய்யா போன்ற உள்ளூர்ப் பண்டிதர்களிடமிருந்துதான் அவருக்குச் சரக்கு கிடைத்தது. கட்டுரை வந்ததோ கேம்பெல்லின் தெலுங்கு இலக்கண நூலுக்கு முன்னுரையாக. யார் முன்னுரை படிக்கிறார்கள்? கடற்கரையில் சிலை கால்டுவெல்லுக்குத்தான்.

நமக்குக் கசக்கிற இடம் ஒன்று உண்டு. இந்த ஒப்பீட்டில் தமிழ் தாய் அல்ல, அக்கா. தாய், யாரும் எழுதி வைக்காத ஒரு மொழி. அதிலிருந்து கிளைகள் பிரிந்து சுமார் 4,500 ஆண்டுகள் என்கிறது 2018-இல் வந்த ஒரு கணக்கு. ஆதி மனிதனே தமிழ்தான் பேசினான் என்று வாட்ஸப்பில் வருகிறது. நம் இனத்தின் மிகப் பழைய எலும்புகளுக்கு வயது சுமார் 3 லட்சம்.