எழுதினால் சட்டம்: தனுவச்சபுரம் கண்ட எழுத்தாணியும் பேனாவும்

மாயாஜாலக் கதைகளில் ஒரு பேனா வரும். அதை வைத்திருப்பவர் எழுதுவதெல்லாம் நாட்டின் சட்டம். கதையில் மட்டும்தானா? நம்ம ஊர்ப் பக்கமே அப்படி ஒன்று இருந்தது.

திருவனந்தபுரத்தில் இருந்து நாகர்கோவிலுக்கு ரயிலில் போனால், நெய்யாற்றின்கரைக்கும் பாறசாலைக்கும் நடுவில் தனுவச்சபுரம் வரும். இன்று கேரளத்தின் எல்லையோர ஊர். அன்று திருவிதாங்கூர் மன்னரின் ஆட்சிப் பகுதி. அங்கே சட்டம் பிறந்தது எழுத்தாணியின் முனையில்.

மன்னரின் சொல் எப்படிச் சட்டமானது?

மன்னரின் ஆணைக்கு 'நீட்டு' என்று பெயர். மன்னர் சொல்வதைப் பனையோலையில் எழுத்தாணியால் கீறி எழுதுவார்கள். மலையாளத்தில் எழுத்தாணிக்கு நாராயம் என்று பெயர். கீறிய இடத்தில் கரி பூசித் துடைத்தால் எழுத்து கறுப்பாகத் தெரியும்.

மன்னர் ஒப்பமிடுவதை வெறும் கையெழுத்து என்று சொல்ல மாட்டார்கள். 'துல்யம் சார்த்துதல்' என்பார்கள். இவ்வளவு மரியாதை ஏன்? 1750-ல் மார்த்தாண்ட வர்மா நாட்டையே பத்மநாபசுவாமிக்கு அர்ப்பணித்தார். அதன்பின் வந்தவர்கள் 'பத்மநாபதாசர்' என்ற பெயரில்தான் ஆண்டார்கள். அதனால் மன்னரின் ஆணையை மீறுவது, தெய்வத்தின் ஆணையை மீறுவது போல ஆனது.

எழுதியதும் எல்லாம் நடந்துவிட்டதா?

இல்லை. இங்கேதான் கதையும் நிஜமும் பிரிகின்றன.

1855-ல் திருவிதாங்கூரில் அடிமை முறையை ஒழித்து ஆணை வந்தது. ஆனால் அடிமைகளாக இருந்தவர்களின் பேரப்பிள்ளைகள் காலத்திலும் பள்ளிக்கூடக் கதவு அவர்களுக்குத் திறக்கவில்லை. 20-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ஒடுக்கப்பட்ட குழந்தைகளைப் பள்ளியில் சேர்க்கலாம் என்று அரசு உத்தரவு போட்டது. அதிகாரிகளும் பள்ளி நடத்தியவர்களும் அதைக் கண்டுகொள்ளவில்லை.

நெய்யாற்றின்கரை வட்டாரத்தில் உள்ள ஊரூட்டம்பலத்தில் என்ன நடந்தது என்று பாருங்கள். பஞ்சமி என்ற சிறுமியைக் கையைப் பிடித்து அங்கிருந்த பள்ளிக்கு அழைத்துப் போனார் அய்யன்காளி. உத்தரவு அவர் பக்கம் இருந்தது. ஆனாலும் கலவரம் வெடித்தது. பள்ளிக்கே தீ வைத்தார்கள். இன்று அதே பள்ளிக்கு அய்யன்காளி, பஞ்சமி இருவரின் பெயரையும் கேரள அரசு சூட்டியிருக்கிறது.

எழுத்தாணி உத்தரவை எழுதியது. கதவைத் திறக்க ஒரு குழந்தையும் ஒரு மனிதரும் நடந்து போக வேண்டியிருந்தது.

அப்படியென்றால் 1936 பிரகடனம்?

1936 நவம்பர் 12 அன்று சித்திரைத் திருநாள் மன்னர் ஆலயப் பிரவேசப் பிரகடனத்தில் ஒப்பமிட்டார். அரசின் கட்டுப்பாட்டில் இருந்த கோயில்கள் எல்லா இந்துக்களுக்கும் திறந்தன. ஒரே கையெழுத்தில் நடந்த அதிசயம் மாதிரித்தான் தெரியும்.

ஆனால் அதற்கு 12 ஆண்டுகள் முன்பே, 1924-ல், வைக்கம் போராட்டம் தொடங்கிவிட்டது. கோயிலுக்குள் போவதற்கு அல்ல, கோயிலைச் சுற்றிய தெருவில் நடப்பதற்கே அந்தப் போராட்டம். பெரியார் அங்கே போய்ச் சிறையும் சென்றார். மன்னரின் பேனாவுக்கு மை நிரப்பியவர்கள் அவர்கள்தான்.

எல்லைக்கோட்டை வரைந்தது யார்?

மன்னராட்சி போனபின் பேனா நாடாளுமன்றத்தின் கைக்கு வந்தது. அரசமைப்பின் 3-ம் பிரிவுப்படி, மாநில எல்லையை நாடாளுமன்றம் மாற்றலாம். சம்பந்தப்பட்ட மாநிலத்தின் கருத்தைக் கேட்க வேண்டும். ஏற்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

மாநில மறுசீரமைப்புச் சட்டம் 1956 நவம்பர் 1 அன்று அமலுக்கு வந்தது. அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் தமிழ்நாட்டுக்கு (அன்றைய சென்னை மாநிலம்) வந்தன. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்ட பட்டியலில் நெய்யாற்றின்கரையும் இருந்தது. அது கிடைக்கவில்லை. அதனால்தான் களியக்காவிளை இந்தப் பக்கம், பாறசாலையும் தனுவச்சபுரமும் அந்தப் பக்கம். அக்கா ஒரு மாநிலம், தங்கை ஒரு மாநிலம் என்று ஆன குடும்பங்கள் உண்டு.

இன்று அந்தப் பேனா யாரிடம்?

சட்டமன்றம் நிறைவேற்றும் மசோதா ஆளுநரின் ஒப்புதலுக்குப் போகும். 200-ம் பிரிவுப்படி அவர் ஒப்புதல் தரலாம், நிறுத்தி வைக்கலாம், குடியரசுத் தலைவருக்கு அனுப்பலாம். திருப்பி அனுப்பிய மசோதாவைச் சட்டமன்றம் மீண்டும் நிறைவேற்றினால் ஒப்புதலை மறுக்க முடியாது. சரி, எதுவுமே செய்யாமல் பேனாவை மூடி வைத்தால்?

இந்தக் கேள்விதான் தமிழ்நாடு அரசின் வழக்கில் எழுந்தது. 2025 ஏப்ரல் 8 அன்று உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு, நிலுவையில் இருந்த 10 மசோதாக்களும் ஒப்புதல் பெற்றதாகக் கருதப்படும் என்றது. ஆளுநர் கையெழுத்தே இல்லாமல் அவை அரசிதழில் சட்டமாக வந்தன. பிறகு குடியரசுத் தலைவர் கேட்ட விளக்கத்துக்கு, நவம்பர் 20 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு கருத்துச் சொன்னது: நீதிமன்றம் காலக்கெடு விதிக்க முடியாது, 'ஒப்புதல் பெற்றதாகக் கருதுவது' என்பதும் செல்லாது. ஆனால் காரணமே இல்லாமல் நீண்ட காலம் இழுத்தடித்தால் நீதிமன்றம் ஓர் அளவுக்குத் தலையிடலாம்.

ஆக, எழுதும் பேனாவுக்கு இருக்கும் அதே பலம் எழுதாத பேனாவுக்கும் இருக்கிறது. அடுத்த முறை 'மசோதா நிறைவேறியது' என்று செய்தி வந்தால் மூன்று கேள்விகள் கேளுங்கள். கையெழுத்து ஆயிற்றா? அரசிதழில் வந்ததா? பஞ்சமிக்குக் கதவு திறந்ததா?

மூன்றாவது கேள்விக்கான பதிலை எந்தப் பேனாவாலும் தனியாக எழுத முடியாது.