பலகையில் இல்லாத ஊர்

கொடைக்கானலுக்கு இன்றளவும் ரயில் கிடையாது. ஆயினும் அதன் பெயரில் ஒரு ரயில் நிலையம் உண்டு. பழனி மலைகளுக்குக் கிழக்கே, சமவெளியில், 'கொடைக்கானல் ரோடு' என்ற பலகை நிற்கும் அந்த ஊரின் இயற்பெயர் அம்மையநாயக்கனூர்; ஒரு காலத்தில் தனிப் பாளையம்.

1845-இல் அமெரிக்க மிஷனரிகள் கொடைக்கானலில் குடியேறத் தொடங்கினர். 1875-இல் திருச்சி - மதுரை ரயில்பாதை திறக்கப்பட்டதும், மலைக்குச் செல்லும் வெள்ளையர் இறங்கும் இடமாயிற்று அம்மையநாயக்கனூர். அங்கிருந்து பெரியகுளம் வழியாக, அடிவாரத்திலுள்ள கிருஷ்ணம்ம நாயக்கன் தோப்பு வரை சுமார் 50 கிலோமீட்டர் மாட்டுவண்டிப் பயணம். அதற்கு மேல் குதிரை, அல்லது டோலி. துரைமாரையும் துரைசானிகளையும் தோளில் சுமந்து மலையேறிய மனிதர்களின் பெயர்களை நாம் அறியோம். 1911 ஜூன் 17 அன்று மணியாச்சியில் வாஞ்சிநாதனால் சுடப்பட்ட ஆஷ் துரை புறப்பட்டதும் கொடைக்கானலுக்குத்தான். அவர் இறங்கியிருக்க வேண்டிய நிலையம் இதுவே.

பின்னர் வத்தலக்குண்டு வழியே மலைக்கு மோட்டார் சாலை வந்தது. மாட்டுவண்டிகளும் டோலிகளும் மறைந்தன. நிலையமோ மலைநகரின் பெயரையே சூடிக்கொண்டது. அம்மையநாயக்கனூர் என்ற பெயர் இன்று பேரூராட்சிப் பதிவேட்டில் இருக்கிறது, ஊர்க்காரர் பேச்சில் இருக்கிறது. பயணச்சீட்டில் மட்டும் இல்லை. ஓர் ஊரை வழியாக மட்டுமே பார்ப்பவர்கள், அதற்கு இடும் பெயரும் வழியின் பெயராகவே அமைந்துவிடுகிறது.