எடையிலிருந்து விலைக்கு: விமானக் கைப்பெட்டி விதிகளின் வரலாறு

இண்டிகோ விமானத்தில் கையோடு எடுத்துச் செல்லும் பெட்டி 55 செ.மீ. நீளம், 35 செ.மீ. அகலம், 25 செ.மீ. கனத்துக்குள் இருக்க வேண்டும். எடை 7 கிலோவைத் தாண்டக் கூடாது. மூன்று அளவுகளையும் கூட்டினால் 115. அமெரிக்காவின் பெரிய நிறுவனங்கள் சொல்லும் அளவு 22, 14, 9 அங்குலம். கூட்டினால் 45 அங்குலம், அதாவது 114 செ.மீ. சொச்சம். அளவில் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுதான். ஆனால் அங்கே உள்நாட்டுப் பயணத்தில் யுனைடெட், டெல்டா, அமெரிக்கன் ஆகிய மூன்றும் எடைக்கு வரம்பே வைக்கவில்லை. ஐரோப்பாவின் ரயன்ஏர் இலவசமாக ஏற்றுவது 40, 30, 20 செ.மீ. பை ஒன்றை மட்டுமே. இந்த மூன்று இடங்களிலும் குறுந்தொலைவில் பறப்பவை பெரும்பாலும் ஏ320, 737 குடும்ப விமானங்கள். தலைக்கு மேலுள்ள பெட்டகத்திலும் பெரிய வேறுபாடில்லை. பிறகு ஏன் விதி மட்டும் ஊருக்கு ஒன்று?

இதற்கான விடையை விதி பிறந்த இடத்திலேயே தேடுகிறது இக்கட்டுரை. கைப்பெட்டிக்கு உலகச் சட்டம் எதுவும் அளவு வைத்ததில்லை. அந்த வேலையை முதலில் தராசு செய்தது. பிறகு பெட்டகமும் அச்சமும் செய்தன. இப்போது கல்லாப்பெட்டி செய்கிறது.

1929 அக்டோபரில் கையெழுத்தான வார்சா ஒப்பந்தமே பன்னாட்டு விமானப் பயணத்துக்கான முதல் பொதுச் சட்டம். பயணச் சாமான்களை அது இரண்டாகப் பிரித்தது: நிறுவனத்திடம் பதிவு செய்து ஒப்படைப்பவை ஒருபுறம், பயணி தன் பொறுப்பிலேயே வைத்துக்கொள்ளும் பொருள்கள் மறுபுறம். பதிவுச் சாமான் தொலைந்தால் கிலோவுக்கு 250 பிராங்க் வரை இழப்பீடு. கையில் இருப்பவற்றுக்குக் கிலோக் கணக்கு கிடையாது. ஆளுக்கு 5000 பிராங்க் என்ற ஒரே உச்சவரம்பு. கைச்சாமானைத் தராசுக்கு வெளியே நிறுத்திய இந்த முடிவுதான் பின்னால் வந்த குழப்பங்களுக்கெல்லாம் ஊற்று. எவ்வளவு பெரியது, எவ்வளவு கனமானது என்று அப்போது யாரும் கேட்கவில்லை. கேட்க வேண்டிய தேவையும் இல்லை. இம்பீரியல் ஏர்வேஸ் காலத்தில் லண்டன் குராய்டன் விமான நிலையத்தில் பெட்டிகளோடு பயணியையும் தராசில் ஏற்றி நிறுத்தார்கள்.

விமானங்கள் பெரிதானபோது ஆளை நிறுக்கும் வழக்கம் மறைந்தது. சாமானை நிறுப்பது மட்டும் தொடர்ந்தது. சாதாரண வகுப்புக்கு 20 கிலோ, முதல் வகுப்புக்கு 30 கிலோ என்பது பன்னாட்டு வழக்கமானது. அந்தக் கணக்கில் சேராமல் கையில் கொண்டுபோகலாம் என்று நிறுவனங்கள் ஒரு பட்டியல் தந்தன: பெண்களின் கைப்பை, மேலங்கி அல்லது போர்வை, குடை அல்லது கைத்தடி, சிறிய கேமரா, பைனாகுலர், வழியில் படிக்க அளவான புத்தகங்கள், கைக்குழந்தையின் உணவு, குழந்தையைச் சுமக்கும் கூடை. இதில் சென்டிமீட்டர் ஒன்றுகூட இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். பொருளின் பெயரே அளவாக இருந்தது. குடை என்றால் எவ்வளவு பெரிது என்று எல்லாருக்கும் தெரியும்.

பெயர் போய் அளவு வந்தது பெட்டகத்தால். அதுவரை இருக்கைக்கு மேலே இருந்தது திறந்த பலகை. தொப்பியும் கோட்டும் வைக்கத்தான் அது. 1970 ஜனவரியில் பான் ஆம் நிறுவனம் நியூயார்க்–லண்டன் தடத்தில் பறக்கவிட்ட போயிங் 747இல் கதவுள்ள பெட்டகங்கள் வந்தன. கதவு இருந்தால் கனமானதையும் வைக்கலாம், குலுக்கலில் தலையில் விழாது. இன்றைய விமானங்களில் பெட்டகமும் அதன் தாழ்ப்பாளும் முன்னோக்கி ஒன்பது மடங்கு புவியீர்ப்பு விசையைத் தாங்க வேண்டும் என்பது சான்றிதழுக்கான நிபந்தனை. அந்த அதிர்ச்சியில் 7 கிலோ பெட்டி 63 கிலோ போல இடிக்கும். ஒவ்வொரு பெட்டகத்தின் உள்ளேயும் அது தாங்கும் எடை எழுதி ஒட்டப்பட்டிருப்பது இதனால்தான். பயணிகளில் யாரும் அதைப் படித்து நான் பார்த்ததில்லை.

அதே 1970களில் அமெரிக்கத் தடங்களில் இன்னொரு மாற்றம். ஒப்படைக்கும் சாமானைக் கிலோவில் கணக்கிடாமல் எண்ணிக்கையில் கணக்கிடத் தொடங்கினார்கள்: ஆளுக்கு இரண்டு பெட்டி, ஒவ்வொன்றின் மூன்று பக்கக் கூட்டுத்தொகை 62 அங்குலம், அதாவது 158 செ.மீ. நீள அகல உயரத்தைக் கூட்டிப் பார்க்கும் இந்தப் பழக்கமே கைப்பெட்டியிலும் தெரிகிறது. கணித நோக்கில் இது விசித்திரமான அளவை. பக்கங்களின் கூட்டுத்தொகை கொள்ளளவைச் சொல்லாது. பெட்டகத்துக்குள் போகுமா என்பதையும் சொல்லாது. ஆனால் ஒரு டேப் இருந்தால் கவுன்டர் ஊழியர் நொடியில் கூட்டிவிடலாம். வசதிதான் விதியாயிற்று.

பெட்டிக்குச் சக்கரம் முளைத்தது அடுத்த திருப்பம். சூட்கேஸுக்குச் சக்கரம் பொருத்தி பெர்னார்டு சாடோ 1972இல் காப்புரிமை பெற்றார். அதை வாரால் கட்டி இழுக்க வேண்டும். நிமிர்த்தி நிறுத்தி, நீளும் கைப்பிடியால் இழுக்கும் இன்றைய பெட்டியை 1987இல் உருவாக்கியவர் நார்த்வெஸ்ட் நிறுவன விமானி ராபர்ட் பிளாத். கையால் தூக்கிய காலத்தில் எடைக்குத் தோள்வலியே வரம்பாக இருந்தது. சக்கரம் அந்த வரம்பை எடுத்துவிட்டது. 12 கிலோவும் 6 கிலோவும் பளிங்குத் தரையில் ஒன்றுபோலவே உருளும். வித்தியாசம் தெரிவது பெட்டகத்துக்குத் தூக்கும்போதுதான்.

அரசு தலையிட்டதும் அதே 1987இல். அமெரிக்க விமானப் போக்குவரத்து நிர்வாகம் கொண்டுவந்த விதியின்படி, ஒவ்வொரு நிறுவனமும் கைப்பெட்டித் திட்டம் ஒன்றை எழுதி ஒப்புதல் வாங்க வேண்டும்; எல்லாப் பைகளும் ஒழுங்காக வைக்கப்பட்டனவா என்று ஊழியர் உறுதி செய்யாமல் கதவை மூடக் கூடாது. அளவு என்ன என்று மட்டும் அந்த விதி சொல்லவில்லை. அதை நிறுவனத்திடமே விட்டது. பாதுகாப்பு நோக்கில் இது சரியான முடிவு, ஏனெனில் விமானத்துக்கு விமானம் பெட்டகம் வேறுபட்டது. ஆனால் அளவு வைக்கும் அதிகாரம் வணிகப் போட்டியின் கைக்குப் போனது அந்தக் கதவு வழியாகத்தான்.

இதற்கு வாஷிங்டன் டல்லஸ் விமான நிலையத்தில் நடந்த வழக்கைவிட நல்ல சான்று கிடையாது. 2000இல் அங்கே எக்ஸ்ரே இயந்திரங்களின் வாயில் யுனைடெட்டின் முன்முயற்சியில் அளவுச் சட்டகங்கள் மாட்டப்பட்டன. சட்டகத்துக்குள் நுழையாத பெட்டி உள்ளே போகாது. சோதனைச் சாவடி எல்லா நிறுவனங்களுக்கும் பொது. கான்டினென்டல் நிறுவனமோ தன் விமானங்களில் பெட்டகங்களைப் பெரிதாக்கி, பெரிய பெட்டியோடு வரலாம் என்று பயணிகளை அழைத்துக்கொண்டிருந்தது. அதன் பயணிகளும் யுனைடெட்டின் அளவுக்குள் சிக்கினார்கள். போட்டியைக் கெடுக்கும் கூட்டுச் செயல் என்று கான்டினென்டல் வழக்குப் போட்டது. மாவட்ட நீதிமன்றம் அதற்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2002இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்து மறுவிசாரணைக்கு அனுப்பியது. சட்டப்படி யார் வென்றார் என்பதைவிட, கைப்பெட்டியின் அளவு விற்பனைச் சரக்காகிவிட்டதை இரு தரப்புமே ஒப்புக்கொண்டதுதான் வரலாற்றுக்கு முக்கியம்.

இதற்கிடையில் எடை என்ன ஆனது? அது பயணியின் உடலுக்குள் போய் ஒளிந்துகொண்டது. விமானத்தின் சுமையைக் கணக்கிடும்போது கைப்பெட்டியைத் தனியாக நிறுப்பதில்லை. பயணியின் சராசரி எடையோடு சேர்த்துவிடுகிறார்கள். ஐரோப்பிய விதியில் பெரிய விமானங்களில் வயது வந்த ஒரு பயணி என்றால் 84 கிலோ, கைப்பெட்டியும் அதில் அடக்கம். 200 பேர் விமானத்தில் ஒருவர் 5 கிலோ கூடுதலாகக் கொண்டுவந்தால் ஒன்றும் ஆகாது. சிறிய விமானத்தில் அப்படியல்ல. 2003 ஜனவரி 8 அன்று ஷார்லட் நகரில் ஏர் மிட்வெஸ்ட் நிறுவனத்தின் பீச்கிராஃப்ட் 1900 விமானம் விழுந்து 21 பேரும் இறந்தனர். பராமரிப்பில் தவறாகச் சரிசெய்யப்பட்ட உயர்த்திக் கட்டுப்பாட்டோடு, சுமை அதிகமாகி ஈர்ப்பு மையம் பின்னால் தள்ளிப்போனதும் காரணம் என்று விசாரணை கண்டது. சராசரி எடைகள் உண்மையைவிடக் குறைவாக இருந்தது தெரிந்து, அவை உயர்த்தப்பட்டன.

அச்சத்தின் ஆட்சி 2006 ஆகஸ்ட் 10 அன்று தொடங்கியது. திரவ வெடிபொருள் சதி வெளிப்பட்ட அன்று பிரிட்டனில் கைப்பெட்டிக்கே தடை. பாஸ்போர்ட்டும் பணப்பையும் ஒளிபுகும் பிளாஸ்டிக் பையில். சில நாளில் 45, 35, 16 செ.மீ. பை அனுமதிக்கப்பட்டது, செப்டம்பரில் அது 56, 45, 25 ஆனது. 100 மில்லி லிட்டர் திரவ விதி அந்த ஆண்டின் மிச்சம். நம் பக்கத்தில் கொப்பரையும் தேங்காயும் இதே வகைத் தடைப் பட்டியலில் உள்ளவை. சபரிமலை பக்தர்கள் இருமுடித் தேங்காயைக் கையோடு கொண்டுபோக, 2025 ஜனவரி 20 வரை என்று நாள் குறித்து சிவில் விமானப் பாதுகாப்பு அமைப்பு தளர்வு தந்தது.

கடைசிக் கட்டம் கல்லாப்பெட்டியுடையது. 2008இல் எரிபொருள் விலை ஏறியபோது அமெரிக்கன் ஏர்லைன்ஸ் ஒப்படைக்கும் முதல் பெட்டிக்கே 15 டாலர் கேட்டது. மற்றவையும் தொடர்ந்தன. பயணிகள் செய்ததை யாரும் ஊகிக்கலாம்: எல்லாவற்றையும் மேலே கொண்டுவந்தார்கள். நிரம்பி வழிந்த பெட்டகத்துக்கும் விலை வைத்தது ஸ்பிரிட் நிறுவனம், 2010இல். ஐரோப்பாவில் ரயன்ஏர் 2018 நவம்பரில் சக்கரப் பெட்டியைக் கட்டணப் பட்டியலுக்கு மாற்றியது.

இதற்கு முன்பே, 2014 செப்டம்பரில், வூலிங் வழக்கில் ஐரோப்பிய நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருந்தது: ஒப்படைக்கும் பெட்டிக்குத் தனிக் கட்டணம் வாங்கலாம், கைப்பெட்டியோ பயணத்தின் இன்றியமையாத பகுதி, எடையும் அளவும் நியாயமாக இருந்தால் கட்டணம் கூடாது. எது நியாயம் என்று எண்ணில் சொல்லவில்லை. நிறுவனங்கள் அந்த இடைவெளியில்தான் குடியேறின. 2024 நவம்பரில் ஸ்பெயின் அரசு ஐந்து நிறுவனங்களுக்குச் சேர்த்து 17.9 கோடி யூரோ அபராதம் விதித்தது, நிறுவனங்கள் எதிர்த்தன. உலகுக்கு ஒரே அளவு என்ற முயற்சியும் ஒருமுறை நடந்தது. பன்னாட்டு விமானப் போக்குவரத்துச் சங்கம் 2015 ஜூனில் 55, 35, 20 செ.மீ. என்று அறிவித்தது. இருக்கும் பெட்டியையெல்லாம் தூக்கி எறிய வேண்டுமா என்று எதிர்ப்புக் கிளம்ப, இரண்டு வாரம்கூட ஆகாமல் நிறுத்திவைத்தது.

இந்தியாவில் கதை சற்றே வேறு. ஒருவருக்கு ஒரு கைப்பை என்ற விதி 2000ஆம் ஆண்டுப் பாதுகாப்புச் சுற்றறிக்கையில் உள்ளது. 2022 ஜனவரியில் அதை மீண்டும் நினைவூட்டியபோது அதிகாரிகள் சொன்ன காரணம் பெட்டகமும் அல்ல, கட்டணமும் அல்ல. ஆளுக்கு இரண்டு மூன்று பைகளால் சோதனை வரிசை தேங்குகிறது என்பது. அந்த ஒரு பைக் கணக்கில் சேராத விலக்குப் பட்டியலில் மடிக்கணினி புதிதாகச் சேர்ந்திருக்கிறது. கைத்தடியும் குழந்தைக் கூடையும் பைனாகுலரும் பழையபடி இருக்கின்றன.

ஆக, 55, 35, 25 செ.மீ. என்ற அளவுக்குப் பெட்டகம் என்ற பருப்பொருள் சாட்சி உண்டு. 7 கிலோவுக்கு அவ்வளவு உறுதியான சாட்சி இல்லை. அது நிறுவனம் வைத்த எண், நிறுவனத்தால் மாறக்கூடியது. எனவே பழைய டிக்கெட்டின் நினைவில் புறப்பட வேண்டாம். பெட்டி வாங்கும்போது கடைக்காரர் சொல்லும் ‘கேபின் சைஸ்’ என்ற சொல்லையும் நம்ப வேண்டாம். டேப் வைத்து அளந்து பாருங்கள். சக்கரத்தையும் கைப்பிடியையும் சேர்த்தே அளக்க வேண்டும்.