பாண் எப்படித் தலையானது?

தரம் 10 வகுப்பில் ஓர் ஆங்கிலக் கதை வாசித்துக்கொண்டிருந்தோம். கதையில் ஒரு தகப்பன் மகனிடம் "யூஸ் யுவர் லோஃப்" என்கிறார். பின்வாங்கில் இருந்த மாணவன் ஒருவன் எழும்பினான்.

"சேர், லோஃப் எண்டா பாண்தானே? பாணப் பாவி எண்டு ஏன் சொல்றார்?"

வகுப்பு சிரித்தது. நாமும் சிரித்தோம். "அது மரபுத்தொடர். மூளையைப் பாவி என்று அர்த்தம். பாடமாக்கு" என்று சொல்லி அவனை இருத்திவிட்டோம். ஆசிரியர் கலாசாலையில் எமக்கும் அப்படித்தான் சொல்லித் தந்தார்கள். வீட்டுக்கு வந்த பிறகுதான் மனம் உறுத்தியது. அவன் கேட்டது சரியான கேள்வி. நாம் சொன்னது பதிலே இல்லை.

பதிலைத் தேடினால் அது இலண்டனின் கிழக்குப் பகுதியில், ஈஸ்ட் எண்டில் கொண்டுபோய் விடுகிறது. 19ஆம் நூற்றாண்டில் அது துறைமுகத் தொழிலாளர்களும், தள்ளுவண்டியில் மீனும் மரக்கறியும் விற்றவர்களும் நெருக்கியடித்து வாழ்ந்த இடம். அவர்களுக்குக் கொக்னிகள் என்று பெயர். சென் மேரி லெ போ தேவாலயத்தின் மணியோசை கேட்கும் தூரத்தில் பிறந்தவனே அசல் கொக்னி என்பது பழைய கணக்கு.

1859இல் ஜோன் கெம்டன் ஹொட்டன் என்ற புத்தக வியாபாரி ஒரு தெருமொழி அகராதியை வெளியிட்டார். ஓசை ஒத்த சொற்களால் பேசும் ஒரு புதுப் பேச்சு 12 அல்லது 15 வருடங்களுக்கு முன் தோன்றியது என்று அதில் எழுதினார். அப்படிப் பார்த்தால் அது 1840களில் பிறந்திருக்கிறது. தெருவில் பாட்டுத் தாள் விற்றவர்களும், வாய்ப்பேச்சால் கூட்டம் சேர்த்துச் சாமான் விற்றவர்களுமே அதைப் பேசினார்களாம். பொலிசுக்கு விளங்காமல் இருக்கத்தான் அது உருவானது என்பார்கள் சிலர். வியாபாரிகளின் வெறும் விளையாட்டு என்பார்கள் வேறு சிலர்.

அந்தப் பேச்சு வேலை செய்யும் விதத்தைத் தமிழில் சொன்னால் சட்டென்று விளங்கும். "தலை" என்று சொல்ல வேண்டும். அதோடு ஓசை ஒத்துப்போவது "வலை". ஆகவே தலைக்குப் பதிலாக "மீன்வலை" என்கிறோம். கொஞ்ச நாள் போனதும் வலையையும் விட்டுவிட்டு "மீன்" என்று மட்டும் சொல்கிறோம். "எனக்கு மீன் வலிக்குது" என்றால் எம்மவருக்கு விளங்கும். வெளியில் இருந்து வந்தவன் முழிப்பான்.

பாணின் கதையும் இதுதான். "ஹெட்" என்பதற்கு ஓசை ஒத்தது "லோஃப் ஒஃப் பிரெட்". பின்னால் பிரெட் விழுந்துபோனது. லோஃப் மட்டும் தலையாக நின்றுவிட்டது. இறைச்சிக்கடைக்காரனின் கொக்கி "புச்சர்ஸ் ஹூக்". அது "லுக்" ஆனது. இன்றும் "ஹேவ் எ புச்சர்ஸ்" என்றால் ஒருக்கால் பார் என்று அர்த்தம். "சைனா பிளேட்" என்பது "மேட்", அதாவது கூட்டாளி. ஆகவே ஒருவன் மற்றவனை "சைனா" என்று கூப்பிட்டால் அவன் பீங்கானும் அல்ல, சீனனும் அல்ல. பார்னட் என்ற ஊரின் சந்தை "பார்னட் ஃபெயார்". அது தலைமுடியாகி, இப்போது "பார்னட்" மட்டும் போதும்.

சின்னச் சொல்லுக்குப் புது அர்த்தம் ஏறுவது கொக்னியோடு முடிவதில்லை. ஆங்கிலத்தில் பிள்ளைகளைத் தடுமாற வைப்பது நீண்ட சொற்கள் என்று நாம் நினைக்கிறோம். நீண்ட சொல்லுக்குப் பெரும்பாலும் ஓரிரு அர்த்தம்தான். "ரன்" என்பதைப் பாருங்கள். மனிதன் ஓடுகிறான், ஆறு பாய்கிறது, மூக்கு ஒழுகுகிறது, துணியில் சாயம் போகிறது, கடை நடக்கிறது, தேர்தலில் ஒருவர் போட்டியிடுகிறார். இத்தனைக்கும் அந்த மூன்றெழுத்துத்தான். 1989இல் வந்த ஒக்ஸ்போர்ட் பேரகராதியின் இரண்டாம் பதிப்பில் "செட்" என்ற சொல்லுக்கு 430 அளவில் அர்த்தங்கள் இருந்தன. பின்னர் திருத்தும் பணியில் "ரன்" வினைச்சொல்லின் அர்த்தங்கள் 600ஐத் தாண்டி அதை முந்தின. வயலிலும் கப்பலிலும் பட்டறையிலும் ஆயிரம் வருடத்துக்கு மேலாகப் பாவித்த சொற்கள் இவை. ஒவ்வொரு தொழிலும் தன் பங்குக்கு ஓர் அர்த்தத்தை ஏற்றிவிட்டுப் போனது.

ஆனால் ஆசிரியர்களாகிய நாம் கட்டாயம் அறிய வேண்டிய இன்னொரு பக்கமும் உண்டு. 1909இல் இலண்டன் ஆரம்பப் பாடசாலைகளில் ஆங்கிலம் கற்பிப்பது பற்றிய அரச மாநாட்டு அறிக்கை ஒன்று, கொக்னிப் பேச்சைத் தலைநகருக்குப் பொருந்தாத சீர்கேடு என்று தள்ளியது. வீட்டில் பேசியதை வகுப்பில் பேசியதற்காக எத்தனை பிள்ளைகள் கூனிக்குறுகியிருப்பார்கள்! அந்தப் பிள்ளைகளின் சொற்கள்தான் இன்று அகராதியில் இருக்கின்றன.

அந்த ஈஸ்ட் எண்டும் மாறிவிட்டது. பிரிக் லேனில் 1743இல் பிரான்சிலிருந்து தப்பி வந்த புரட்டஸ்தாந்துகள் கட்டிய தேவாலயம், 1898இல் யூதர்களின் தொழுகைக்கூடமானது. 1976 முதல் அது பங்களாதேஷ் மக்களின் பள்ளிவாசல். அந்தத் தெருவின் கறிக்கடைகளுக்குப் போவதை "ரூபி சாப்பிடப் போகிறோம்" என்பார்கள். ரூபி மரே 1950களில் புகழ்பெற்ற பெல்பாஸ்ட் பாடகி. மரே, கறி: ஓசை ஒத்துவிட்டது. "கறி" எமது தமிழிலிருந்து போன சொல் என்பதை நாம் சொல்லத் தேவையில்லை.

மறுநாள் வகுப்பில் இதையெல்லாம் சொன்னோம். முதலில் அந்த மாணவனிடம், "நீ கேட்டது சரியான கேள்வி, நேற்றுச் சிரித்தது எமது பிழை" என்றோம். அவன் ஒன்றும் பேசவில்லை. பாடம் முடியும் நேரத்தில் பக்கத்தில் இருந்தவனைக் காட்டி எழும்பினான்.

"சேர், இவன் ஹோம்வேர்க் செஞ்ச எண்டு பசு சொல்றான்."

எமக்கு விளங்க ஒரு நிமிடம் எடுத்தது. பசுநெய். பொய்!

இந்த முறை வகுப்பு அவனோடு சேர்ந்து சிரித்தது.