குறும்பு செய்த தேவர்களும் நம் சுசீந்திரமும்

கிரேக்கருக்கு ஹெர்மஸ், நார்ஸ் மக்களுக்கு லோகி எனக் குறும்புத் தெய்வங்கள் உண்டு. நம் நாஞ்சில் நாட்டுக் கதையில் தெய்வமே ஆனாலும் குறும்புக்குக் கணக்குத் தீர்க்க வேண்டும்.

சுசீந்திரம் தலபுராணத்தைப் பாருங்கள். அத்திரி முனிவர் இல்லாத நேரத்தில் மும்மூர்த்திகளும் பிச்சை கேட்டு வந்து, ஆடையின்றிப் பரிமாறச் சொல்லி அனசூயையைச் சோதித்தார்கள். அவள் நீர் தெளித்து மூவரையும் கைக்குழந்தைகளாக்கி, அதன்பின் அமுதூட்டினாள். தாணு, மால், அயன் என்ற அந்த மூவர்தான் நம் தாணுமாலயன்.

கௌதமர் வேடத்தில் அகலிகையை ஏமாற்றிய இந்திரன் சாபம் நீங்கியதும் இங்கேதான். ‘சுசி’ என்றால் தூய்மை. அர்த்தசாமப் பூசையை அவனே நடத்துவதாக இன்றும் நம்பிக்கை.

ஒழுக்கக் குற்றம் சாட்டப்பட்ட நம்பூதிரிகள் கொதிக்கும் நெய்யில் கைவிடும் ‘கைமுக்கு’ நடந்ததும் இக்கோயிலில்தான். திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் (1829–1846) காலத்தில் அது நின்றது. இந்திரனுக்கே விலக்கு இல்லாத ஊரில் மனிதனுக்கு மட்டும் எப்படி இருக்கும்?